மயூரி என்றொரு லேபிள்

பனியன் கழுத்தில் குத்துகிறது என்று கத்திரிக்கோலால் வெட்டி எறிகிறீர்களே, அந்த லேபிளை அடித்துத்தான் முதலிபாளையத்தில் நான் பிழைக்கிறேன். அடுத்தவர் சொல்லும் பேரைத் தப்பில்லாமல் அடிப்பதோடு எங்கள் வேலை முடிந்தது. அபிப்பிராயம் சொல்லக் கூடாது. இந்த மாதிரித் தொழிலில் மாட்டிக்கொண்டவர்களுக்கு என் கஷ்டம் புரியும்.

பேர் வந்த வழி

சாமளாபுரத்துக்காரர் ஒருவர் தறியை விட்டுவிட்டுக் குழந்தைகள் பனியன் தைக்க ஆரம்பித்தார். அப்போதுதான் அவருக்குப் பெண் பிறந்து முப்பது நாள் ஆகியிருந்தது. கம்பெனிக்கும் குழந்தைக்கும் ஒரே பேர், மயூரி.

"எங்கே பிடித்தீர்கள் இந்தப் பேரை?" என்று கேட்டேன். அவருடைய அம்மா பேர் மயிலாத்தாள். பேத்தியைப் பார்க்காமலே போய்விட்டார். அதே பேரை வைத்தால் பள்ளிக்கூடத்தில் கேலி செய்வார்கள் என்று மனைவிக்குப் பயம். மயிலையும் விடாமல், மனைவியையும் பகைக்காமல் மயூரி என்று முடிவாகியிருக்கிறது. முருகன் ஏறி வரும் மயில் என்பதில் அவருக்குக் கூடுதல் திருப்தி.

"எங்கம்மா பேருங்க. துவைச்சா அழியாத இங்க்காப் பார்த்துப் போடுங்க."

பரவிய விதம்

மயூரி பனியன் நன்றாக ஓடியது. அந்தக் கம்பெனியில் செக்கிங் பார்த்த பெண் மதுரைப் பக்கத்திலிருந்து பிழைக்க வந்தவள். லேபிள் வாங்க என்னிடம் வருவாள். தன் மகளுக்கும் மயூரி என்றே வைத்தாள். அப்புறம் டெய்லர் ஒருவர் மகள், அயர்ன் மாஸ்டர் மகள். சில வருஷத்தில் அந்த வீதியில் நின்று மயூரி என்று கூப்பிட்டால் நாலு வீட்டிலிருந்து பிள்ளைகள் எட்டிப் பார்த்தன. ஊரில் வேறு பேரே கிடைக்கவில்லையா என்று அந்தச் செக்கிங் பெண்ணிடம் கடுப்பாகவே கேட்டேன்.

"இந்தப் பேர்லதாண்ணே எங்க வீட்ல அடுப்பு எரியுது. வேற எந்தச் சாமி பேர வைக்கச் சொல்றீங்க?"

எடுக்கச் சொன்ன நாள்

முதலாளி மகள் மயூரி படித்து முடித்து, தனக்குப் பிடித்த வேறு சாதிப் பையனை ரிஜிஸ்டர் கல்யாணம் செய்துகொண்டாள். மறுவாரம் அப்பா வந்தார். டீயைத் தொடவில்லை. இனி லேபிளில் அந்தப் பேர் இருக்கக் கூடாது, வேலன் என்று அடியுங்கள் என்றார். நானும் வாயைத் திறக்காமல் அடித்துக் கொடுத்தேன். இருபது வருஷத்துக்கு மேல் பழக்கம், ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். இப்போது நினைத்தாலும் வெட்கமாக இருக்கிறது.

மூன்று மாதத்தில் திரும்பி வந்தார். வேலனை யாரும் சீண்டவில்லையாம், மயூரி சரக்கு எங்கே என்றுதான் கேட்கிறார்களாம். முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொண்டார்.

"பழையபடியே அடிங்க. ஊட்டுல நாங்க யாரும் அந்தப் பேரைச் சொல்றதில்லீங்க. கடைக்காரங்கதான் தெனமும் போன்ல சொல்றாங்க."

சைஸ் மட்டும்

போன மாதம் மயூரியே வந்தாள். பொங்கலூரில் வாடகை வீட்டில் நாலு மெஷின் போட்டு, புருஷனும் அவளுமாகக் குழந்தைகள் கவுன் தைக்கிறார்கள். புதுச் சரக்கு என்று எந்தக் கடையிலும் எடுக்கவில்லையாம். அலைந்து அலைந்து கறுத்துப் போயிருந்தாள். இந்தத் தடவை நான் சும்மா இருக்கவில்லை. மயூரி என்றே போடு, அது உன் பேர்தானே, யார் கேட்பார்கள், நாளைக்கே விற்றுவிடும் என்றேன்.

"வேண்டாங்க மாமா. அப்பா சரக்குன்னு நெனச்சு வாங்கிருவாங்க. எதாச்சும் குறைன்னா அவரைத்தான் பேசுவாங்க. எனக்குப் பேரே வேண்டாங்க, சைஸ் மட்டும் அடிச்சுக் குடுங்க."

ஊருக்கெல்லாம் மயூரி அடித்த என் மெஷினில், மயூரிக்கு அடித்துக் கொடுத்தது பதினாறு, பதினெட்டு, இருபது என்கிற நம்பர்கள்தான்.