நிழலூர்க்காரி

பாசஞ்சர் வண்டியின் புகை தெரிந்துவிட்டால் போதும், வீரம்மாளின் இடது கை தானாக மேலேறும். முந்தானையை மூக்குக்குக் கீழே இழுத்துப் பிடித்துக்கொள்ளும். வண்டி விழுப்புரத்தை விட்டுக் கிளம்பும்வரை அந்தக் கை இறங்காது. அவித்த மல்லாட்டையை, அதாவது வேர்க்கடலையை, ஆழாக்கால் அள்ளுவது, பொட்டலம் மடிப்பது, சில்லறை கொடுப்பது எல்லாம் வலது கை ஒன்றுதான். ஒற்றைக் கையால் பொட்டலம் மடிக்கும் அந்த வித்தையைப் நான் வேலை பார்க்கும் ஸ்டேஷன் பார்சல் ஆபீசு ஜன்னல் வழியே ஏழு வருஷமாகப் பார்க்கிறேன். இன்னும் எனக்குப் பிடிபடவில்லை.

அவளுக்கு மேலுதடு பிறவியிலேயே நடுவில் பிளந்தது. பேச்சில் பாதி மூக்கு வழியாக வரும். புதிதாகக் கேட்பவர் "என்ன, என்ன?" என்பார், மூன்றாம் நாள் அவரே அவள் பேச்சைக் கேட்க வந்து நிற்பார். வண்டி தாமதமானால் அவள் நிழலூர்க் கதையை எடுப்பாள். எந்தத் தாலுக்காவிலும் இல்லாத ஊர் அது. அங்கே மழையைச் சாக்கில் கட்டி விற்பார்கள். ஆடு மாடு ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும் பேசும். சூரியன் பெண்பிள்ளை. திண்டிவனம் போகவேண்டிய வக்கீல் குமாஸ்தா ஒருவர் இந்தக் கதையில் வாயைப் பிளந்து நின்று வண்டியையே கோட்டை விட்டிருக்கிறார்.

"அந்த ஊருக்கு டிக்கெட்டு எவ்வளவு வீரம்மா?" என்று நான் சீண்டுவேன்.

"கேப்பக் கூழு குடிச்சவங்களுக்கு சும்மாங்க. ஐயாவுக்குத்தான் ஜாஸ்தி ஆவும்" என்பாள்.

கிரகண நாளில் மட்டும் அவளைப் பார்க்க முடியாது. சொந்த ஊரான காணையில் அவள் தாய் வயிற்றுப் பிள்ளையோடு கிரகணத்தன்று எதையோ அறுத்தாள், அதனால்தான் மகளின் உதடு இப்படி என்பது ஊர்த் தீர்ப்பு. பிள்ளைத்தாய்ச்சிகள் அன்றைக்கு அவள் முகத்தில் விழிக்கக் கூடாதாம்.

போன ஆடி அமாவாசையில் சூரிய கிரகணம் பிடித்தது. என் மனைவி ராஜாமணிக்கு அப்போது ஏழு மாதம். தாய் இல்லாத பெண். கல்யாணமாகி ஒன்பது வருஷம் கழித்துத் தங்கிய வயிறு. "சந்திரன் குறுக்கே வருகிறது, அவ்வளவுதான்" என்று அவளுக்குப் பெரிய விளக்கமாகச் சொன்னேன். சொல்லிவிட்டு ஜன்னல் இடுக்குகளில் கோணியை அடைத்ததும் நான்தான்.

இருட்டறைக்குள் போன சிறிது நேரத்தில் அலறினாள். முந்தின நாள் வாங்கி வந்த மல்லாட்டை அவள் மடியில் மிச்சம் இருந்திருக்கிறது. பயத்தில் கை அதுபாட்டுக்கு ஒன்றை எடுத்து நசுக்கிவிட்டது. கிரகணம் பிடித்திருக்கும்போது பிள்ளைத்தாய்ச்சி எதையும் அறுக்கவோ பிளக்கவோ கூடாது.

"ரெண்டா பொளந்துட்டேங்க. வீரம்மா குடுத்த மல்லாட்டை. எம் புள்ள ஒதடு என்னா ஆவுமோ" என்று அழுதாள். என் சந்திரன் சூரியன் எதுவும் அவள் காதில் ஏறவில்லை. கடைசியில், "வீரம்மாவையே கூட்டிக்கினு வாங்க, ஒண்ணு கேக்கணும்" என்றாள்.

தண்டவாளத்தைத் தாண்டி ஓடினேன். பட்டப்பகலில் தெருவில் ஈ காக்கை இல்லை. வெயில் சோகை பிடித்துக் கிடந்தது. அவள் குடிசைக் கதவு சாத்தியிருந்தது.

"இன்னிக்கி நான் வெளிய வரக்கூடாதுங்க. யாருக்கும் பேஜாரு வாணாம்னு நானே உள்ள குந்திக்கினு கீறேன்" என்று உள்ளிருந்து குரல் வந்தது. விஷயத்தைச் சொன்னேன். "அம்மாவேவா கூப்டுது?" என்று இரண்டு தரம் கேட்டாள். பிறகு முகம் முழுக்க மூடிக்கொண்டு என் பின்னால் வந்தாள்.

இருட்டறைக்குள் அவளை விட்டுவிட்டு நான் கதவோரம் நின்றேன்.

"உங்கம்மா என்னத்த அறுத்தாங்க வீரம்மா? நெசத்த சொல்லு."

"ஒண்ணும் அறுக்கலம்மா. நான் வயித்துல இருந்தப்போ கெரணமே வரல. ஊருதான் என் மூஞ்சியப் பாத்துட்டு ஒரு கெரணத்தத் தேடிப் புடிச்சுது."

அழுகைச் சத்தம் கொஞ்சம் தணிந்தது. வீரம்மாள் தொடர்ந்தாள்.

"நெழலூர்ல இன்னா சொல்வாங்க தெரியுமா? தலமொறைக்கு ஒரு தபா சூரியத்தாயி புள்ள பெறுவா. அது பசியில அழுவும். நட்ட நடு வானத்துல முந்தானைய இழுத்து மூடிக்கினு பால் குடுப்பா. அதாம்மா கெரணம். ஜனங்க அல்லாரும் கைவேலைய வெச்சுட்டு அந்தாண்ட திரும்பி நிப்பாங்க. தாயி பால் குடுக்கறதப் பாக்கலாமா? அந்த நேரத்துல எது ஒடஞ்சாலும் எது பொளந்தாலும் குத்தம் கெடையாது. அவ கண்ணு புள்ள மேலதான் இருக்கும்."

"அப்படியே பொறந்துட்டா?" என்றாள் ராஜாமணி.

பிறக்காது என்று வீரம்மாள் சத்தியம் செய்யவில்லை. சுருக்குப்பையில் சில்லறை குலுங்கியது.

"இந்தா, புடி. சங்கு. எனக்கு மாரு புடிக்க வரல. எங்கம்மா ஒரு வருசம் இதாலயே பால் ஊத்தி ஊத்தி வளத்தா. ஊத்தறப்போ சொன்னதுதான் நெழலூரு. நாப்பது வயசு ஆவுது, செத்தா பூட்டேன்?"

அந்தப் பித்தளைச் சங்கைத் தலையணைக்கடியில் வைத்துக்கொண்டுதான் ராஜாமணி மிச்ச மாதங்களைக் கழித்தாள்.

புரட்டாசியில் ஒரு மத்தியானம், வீட்டிலேயே, பெண் குழந்தை பிறந்தது. மருத்துவச்சி குப்பம்மாள் துடைத்துக் கொண்டுவந்து காட்டியபோது நான் முதலில் பார்த்தது உதட்டைத்தான். வெட்கத்தோடு ஒப்புக்கொள்கிறேன். உதடு முழுசாக இருந்தது.

அடுத்தது சேனை. பிறந்த பிள்ளையின் நாக்கில் முதல் சர்க்கரைத் தண்ணீரை யார் வைக்கிறார்களோ அவர்கள் குணம் பிள்ளைக்கு வரும் என்பார்கள். அதற்கென்றே என் அக்கா திண்டிவனத்திலிருந்து வந்து காத்திருந்தாள். ராஜாமணியோ, "வீரம்மாவக் கூப்புடுங்க" என்றாள். அக்கா என்னைப் பார்த்தாள். நான் அக்காவைப் பார்க்காமல் ஸ்டேஷனுக்கு நடந்தேன்.

வீரம்மாள் வாசற்படியிலேயே நின்றுவிட்டாள். இடது கை வாயருகே இருந்தது. "என் கையாலயா? வாணாம்மா. நாளைக்கி ஒண்ணுன்னா என்னியத்தான் சொல்வாங்க."

"சொன்னா நான் பாத்துக்கறேன். எம் பொண்ணுக்கும் உன்னாட்டம் கதை வரட்டும்" என்று ராஜாமணி படுத்தபடியே சங்கை நீட்டினாள்.

குப்பம்மாள் அவளை உள்ளே உட்காரவைத்துக் குழந்தையை அவள் மடியில் கிடத்தினாள். துவண்ட தலையைத் தாங்க ஒரு கை வேண்டியிருந்தது. சங்கைச் சரிக்க ஒரு கை. முதல் சொட்டு நாக்கில் விழும்போதே முந்தானை மெல்ல நழுவி வீரம்மாளின் தோளில் விழுந்தது. எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்தோம். அவள் அதை இழுத்துவிடவில்லை. குனிந்து, அடுத்த சொட்டை விட்டாள்.