மௌனத்துக்கு ஒரு வயலின்

தொலைக்காட்சி நிலையத்தில் என் அக்கா படத்தொகுப்பாளர். ஊரார் உளறலை வெட்டி ஒட்டி, உளறியவர்களை அறிவாளிகளாக்குவது அவள் பிழைப்பு. அதற்காக அவளுக்கு நன்றி சொன்ன ஆளை நான் பார்த்ததில்லை.

நான் நாடு நாடாகச் சுற்றிவிட்டு வீடு திரும்பிய வாரம், பழைய இத்தாலியப் படம் ஒன்றைப் பற்றிய கலந்துரையாடல் அவள் கைக்கு வந்தது. எல்லாம் இருந்தும் யாரோடும் ஒட்டமுடியாத ஒருத்தியின் கதை. விருந்தின் நடுவே எழுந்துபோய் ஜன்னலோரம் நிற்பாள். பேச்சில்லை, இசையில்லை, நீண்ட காட்சி. அந்த மௌனத்தைப் பற்றி மூன்று நிபுணர்கள் மூச்சுவிடாமல் பேசியிருந்தார்கள். அக்கா அவர்களை நறுக்கிவிட்டுக் காட்சியை முழுதாக வைத்தாள். ஒளிபரப்பாகும் நேரத்தில், "வந்து உக்காந்து பாருடி" என்று என்னையும் அம்மாவையும் வீட்டுத் தொலைக்காட்சி முன் கூப்பிட்டாள். தன் வேலையைப் பார்க்க அவள் யாரையும் கூப்பிட்டது அதுதான் முதல்முறை.

ஒளிபரப்பு அறையில் ஒரு கருவி உண்டு. சத்தம் நின்றால் கோளாறென்று நினைத்துத் தானாக விளம்பரத்துக்குத் தாவும். அதை அணைத்துவைக்கச் சொல்லும்படி தயாரிப்பாளரிடம் அக்கா கேட்டிருந்தாள். அவர் மறந்துவிட்டார். படத்துப் பெண் ஜன்னலருகே போய் நின்றாள். சலவைத்தூள் விளம்பரம் குதித்தது.

உடனே தயாரிப்பாளரின் தொலைபேசி அழைப்பு.

"என்னம்மா, மானத்த வாங்கிட்டியே!"

"நீங்கதான சார் சொல்ல மறந்தீங்க?"

"அத விடு. மறுஒளிபரப்புல அந்தக் காட்சிக்கு அடியில ஒரு வயலின் போட்டுடு."

"அது மௌனம் சார்! அதப் பத்திதான் மூணு பேரும் தொண்ட கிழியப் பேசறாங்க."

"பேசட்டும். சோகமான வயலினாப் போடு."

"போடமாட்டேன்."

"உன்ன விட்டா ஆளில்லையா? நீ நாளைலேருந்து சமையல் நிகழ்ச்சியப் பாரு."

"போய் ஒரு மன்னிப்புக் கேட்டுடேண்டி" என்றார் அம்மா.

"தப்பு பண்ணவன் வந்து கேக்கட்டும்."

ஞாயிறன்று மறுஒளிபரப்பு. ஜன்னலோரப் பெண்ணின் முகத்தின் மேல் வயலின் ஒப்பாரி வைத்தது. அது ஓய்ந்ததும் நிபுணர் ஒருவர் கண்களை மூடிக்கொண்டு, "கவனித்தீர்களா? துளி இசைகூட இல்லை!" என்றார். மற்ற இருவரும் தலையாட்டினார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. தொலைக்காட்சிப் பெட்டியை உதைக்கலாம்போல இருந்தது.

கடைசியில் பெயர்கள் ஓடின. தொகுப்பு என்ற இடத்தில் அக்காவின் பெயர், பெரிதாக, முழுதாக.

அக்கா எழுந்து செருப்பை மாட்டினாள்.

"எங்கடி கெளம்பிட்ட?"

"எம் பேர அதுலேருந்து எடுக்கச் சொல்ல."

"நாளைக்குப் போனா ஆகாதா?"

"நாளைக்குள்ள எனக்குக் கோவம் ஆறிடும்மா. வழக்கமா அப்படித்தான ஆகுது?"

நான் வண்டிச் சாவியை எடுத்தேன்.