சலூன் நாற்காலியில் ஏறிய படக்காரி

அவள் எடுப்பதெல்லாம் சின்னச் சின்ன ஆவணப்படங்கள். சண்டை கிடையாது, பாட்டு கிடையாது. லிப்ட் பழுது பார்ப்பவரோ மீன் வெட்டுகிறவரோ தம் பாட்டுக்கு வேலை செய்துகொண்டிருப்பார். இவள் மூலையில் கேமராவோடு உட்கார்ந்திருப்பாள்.

"உன் படத்துல யாராவது அழுவாங்களா?" என்று அம்மா ஒருநாள் கேட்டாள்.

"இல்லம்மா. ஒருத்தர் கொட்டாவி விடுவார்."

"அதுக்கு ஏன் தெருத்தெருவா அலையற? ஹால்ல உங்கப்பா இருக்காரே!"

அடுத்த படத்துக்கு அவள் பிடித்த ஆள் தெருமுனைச் சலூன்காரர். வாய் ஓயாத மனிதர். தெருவில் யார் யாரோடு பேசுவதில்லை என்பதெல்லாம் கத்தரிக்கோல் சத்தத்தோடு அங்கே வந்து விழும். ஆனால் கேமராவைக் கண்டதும் ஆளே மாறிப்போனார். கழுத்தில் டை, வாயில் மேடைத் தமிழ். வழக்கமாக வரும் பஸ் டிரைவர் ஊர்க்கதை கேட்டதற்கு, "பிறரைப் பற்றிப் பேசுவது எனக்குப் பழக்கமில்லை" என்றார். டிரைவர் முகத்து நுரையோடு பாதியில் எழுந்துவிட்டார்.

"அண்ணே, உடம்பு கிடம்பு சரியில்லையா?"

நாள் போனதே தவிர, ஒரு காட்சிகூடத் தேறவில்லை. அலுத்துப்போன அவள், கேமராவைக் கண்ணாடி முன்னால் வைத்துவிட்டு நாற்காலியில் ஏறி உட்கார்ந்தாள்.

"எனக்கே வெட்டி விடுங்கண்ணே. கேமரா ஓடிட்டுத்தான் இருக்கு, சொல்லிட்டேன்."

"ஓடட்டும்மா."

தலையில் சீப்பு பட்டதுதான் தாமதம், அவர் வாய் தானாகத் திறந்துகொண்டது.

"உன்னப் பத்தி இந்தத் தெருவுல என்ன பேசிக்கறாங்க தெரியுமா? நீ போலீஸ் ஆளாம். மருந்துக்கடைக்காரர் சத்தியம் பண்றாரு. போலீசுக்கு ஏதுய்யா இவ்ளோ பொறுமைன்னு நாந்தான் அடக்கி வெச்சேன். என் மச்சினன் இருக்கானே, என் வீட்டுக்காரியோட தம்பி, அவன் வேற சொல்றான். நீ மாப்பிள்ளை பாக்க வந்திருக்கியாம்! மீசைக்கு மை போட்டுக்கிட்டு கடை வாசல்லயே நடக்கறான்."

அவள் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தாள். "ஆடாதம்மா!" என்றவரும் சிரித்தார். கத்தரி வழுக்கி, ஒரு பக்க முடி காதுக்கு மேலே போய்விட்டது.

பிறகு கேமராவில் பதிவானதை அவருக்கே போட்டுக் காட்டினாள். "வேண்டாம்னா அழிச்சிடறேண்ணே."

"மத்ததெல்லாம் இருக்கட்டும். மச்சினன் சமாச்சாரத்த மட்டும் வெட்டிடு. வீட்டுல எனக்குச் சோறு கிடைக்காது."

"அவரையே கேட்டுடலாமே."

மச்சினன் வந்தான். பார்த்தான். காது சிவந்தது. கடைசியில் மீசையைத் தடவிக்கொண்டு, "இருந்துட்டுப் போகட்டும். ஆனா மீசை தெரியற மாதிரி என்னையும் ஒரு தடவ காட்டணும்" என்றான். காட்டினாள், திரை முழுக்க.

படம் போட்ட அன்று அரங்கில் ஒரே சிரிப்பு. இருட்டில் அம்மா மட்டும் அவள் பக்கம் சாய்ந்து கேட்டாள்:

"அந்த மீசைக்காரப் பையன் நல்ல குடும்பமா?"

அவள் மெல்ல எழுந்து பின்வரிசைக்குப் போய்விட்டாள்.