குழாய்க்கடியில் ஒரு வாயாடி

காதுக்காரியைத் தெரியாதவர்கள் அந்தப் பேட்டையில் கிடையாது. குடிநீர் வாரியத்தில் அவளுக்குக் காது கொடுப்பதுதான் உத்தியோகம். ஆள் உயர இரும்புக் கம்பியின் ஒரு முனையைச் சாலையில் ஊன்றி, மறுமுனையில் இருக்கும் கிண்ணத்தில் காதைப் பொருத்திக்கொள்வாள். மண்ணுக்குள் குழாய் எங்கே ஒழுகுகிறது என்று கேட்கும். விடியலில், வண்டிச் சத்தம் தொடங்குமுன், தெருத்தெருவாக ஊன்றிக்கொண்டே போவாள். ஒழுகும் இடத்தில் சுண்ணாம்பால் ஒரு பெருக்கல் குறி. பின்னாலேயே மேஸ்திரியின் ஆட்கள் வந்து தோண்டுவார்கள்.

தண்ணீர் மட்டும் கேட்டிருந்தால் அவள் இந்நேரம் நாலு சுற்றுப் பெருத்திருப்பாள். கேட்டதோ வேறு.

பெரிய குழாய்களைச் சுற்றிக்கொண்டு ஒன்று கிடந்தது. வேர் என்றால் வேர் இல்லை, பாம்பு என்றால் பாம்பும் இல்லை. மணிக்கட்டுப் பருமன், இளஞ்சூடு, உயிருள்ளது. தலை எந்த உலகத்தில், வால் எந்த உலகத்தில் என்று அதற்கே தெரியாது. இரண்டு நிலா காயும் ஊரில் ஒருத்தி நாத்தனாரோடு மல்லுக்கு நின்றால், அந்தக் கதை அதன் உடம்புக்குள் ஓடி இங்கே வந்து கேட்கும். இங்கே எதிர்வீட்டில் நடப்பது, கடலடியில் குடித்தனம் செய்பவர்களுக்குப் போய்ச் சேரும். ஒரு கதை முடிகிற இடத்தில் இன்னொன்று முளைக்கும். எல்லா உலகங்களையும் கோத்துவைத்திருந்ததே அதுதான். காதுக்காரி அதற்கு வைத்த பெயர் வாயாடி. சிக்கிய காதை அது விடவே விடாது!

அத்தனையையும் கேட்டுக் காது புண்ணாகி வீட்டுக்கு வந்தால், வாசலிலேயே அடுத்தது காத்திருக்கும். அவள் புருஷன் பஸ் கண்டக்டராக இருந்து ஓய்வு பெற்றவர். செருப்பைக் கழற்ற விடமாட்டார்.

"இன்னைக்கு என்ன நடந்துச்சு தெரியுமா?"

"தெரியவே வேண்டாங்க."

"அட, கேளேன். நம்ம பால்காரன் இருக்கானே..."

ஈரத் துணியைக் காதில் போட்டுக்கொண்டு அவள் சுவரோரம் சாய்வாள். பால்காரன் வருவான், போவான், அவன் மச்சான் வருவான். சாப்பாடு ஆறிப்போகும்.

ஒரு விடியலில் இடுப்பு கழன்று விழுகிற மாதிரி வலி. கடைத்தெரு முனையில் கம்பியை ஊன்றியவுடன் சோவென்று தண்ணீர்ச் சத்தம். இன்னும் ஒரு நிமிஷம் நின்றிருந்தால் ஊடே இடி இடித்ததும் கேட்டிருக்கும். எந்தக் குழாய் இடி இடிக்கும்? ஏதோ ஒரு உலகத்தில், ஏதோ ஒரு கதையில், மழை கொட்டிக்கொண்டிருந்தது. நிற்கத் தெம்பில்லாமல் குறியைப் போட்டுவிட்டு வீட்டைப் பார்க்க நடந்தாள். பின்னால் வந்து தோண்டிய ஆட்களின் மண்வெட்டி வாயாடியை இரண்டு துண்டாக்கியது.

வீட்டில் கண்டக்டர், "அப்ப அந்த மாடு திரும்பிப் பாத்து..." என்றவர் நின்றுவிட்டார்.

"பாத்து?"

வாய் திறந்தபடி இருந்தது. ஒன்றும் வரவில்லை. அப்பாடா என்று படுத்தவள், பல வருஷத் தூக்கத்தைச் சேர்த்துத் தூங்கினாள்.

மதியம் கண் விழித்தபோது அவர் அதே நாற்காலியில் இருந்தார். ஒரு காலில் செருப்பு, இன்னொன்று கையில்.

"எங்க கிளம்புனீங்க?"

"கடைக்கு. ஒரு செருப்பைப் போட்டேன். அப்புறம் என்ன செய்யணும்னு தெரியலம்மா."

சோற்றைப் பிசைந்து கையில் கொடுத்தாள். உருண்டை உதடுவரை போய் அங்கேயே நின்றது. ஜன்னல் வழியே பார்த்தால், முடிதிருத்துபவர் பாதி முகம் மழித்த ஆளோடு விழித்துக்கொண்டு நிற்கிறார். பக்கத்து வீட்டுப் பெண்கள் இருவர் இடுப்பில் கை வைத்தபடி, அடுத்த வசவு கிடைக்காமல் திகைத்திருக்கிறார்கள். வாயாடி அறுந்ததில் உலகத்தில் 'அப்புறம்' தீர்ந்துபோயிருந்தது. பல வருஷமாகக் கேட்டுக் கேட்டுச் சேர்ந்த இருப்பு காதுக்காரியிடம் மட்டும் கொஞ்சம் இருந்தது.

எவ்வளவு நிம்மதியாக இருந்தது தெரியுமா அந்த வீடு! இப்படியே விட்டால் இனி அவள் பாட்டுக்குத் தூங்கலாம். அவர் மட்டும் உருண்டையைக் கையில் பிடித்தபடி பட்டினியில் போய்ச் சேர்வார். காலையில் குறி போட்ட இடம் நினைவுக்கு வர, முனகிக்கொண்டே கம்பியை எடுத்தாள்.

குழியருகே மேஸ்திரி நின்றார். "ஒழுக்கே இல்லாத எடத்துல குறி போட்டிருக்க. உன்னை நான்..."

"என்னை?"

"அதாம்மா தெரியல."

குழிக்குள் இறங்கினாள். இரு துண்டுகளும் துவண்டு கிடந்தன. சேர்த்துப் பிடித்துப் பார்த்தாள், ஒட்டவில்லை. கம்பியின் கிண்ணத்தில் வாயை வைத்து, தான் கேட்டிருந்த கதைகளை ஒவ்வொன்றாகச் சொன்னாள். எல்லாம் அதனிடமிருந்தே வந்தவை. வேண்டாத சோற்றுக்கு முகம் திருப்பும் பிள்ளைபோல் துண்டுகள் விலகிக்கொண்டன.

சேற்றிலேயே உட்கார்ந்துவிட்டாள். "என்னால முடியல போ," என்றாள். "இடுப்பு விட்டுப்போச்சு."

கீழிருந்து மெல்ல ஒரு சத்தம். "உம்."

தூக்கிவாரிப் போட்டது. ஊர் உலகத்துக்கெல்லாம் உம் கொட்டியவளுக்கு, அதுவரை யாரும் உம் கொட்டியதில்லை.

"காதுக்குள்ள எந்நேரமும் சந்தைக் கூச்சல்," என்றாள்.

"உம்."

"கல்யாணமான புதுசுல அவர் பேசறது எனக்கு எவ்வளவு பிடிக்கும்! டிக்கெட் வாங்காதவனைப் பத்திச் சொன்னா வயிறு வலிக்கச் சிரிப்பேன். இப்ப அவர் வாயைத் திறந்தாலே எனக்கு அழுகை வருது. அதை அவர்கிட்ட எப்படிச் சொல்றது?"

"உம்... உம்."

எந்த உலகத்திலும் யாரும் சொல்லியிராத கதை அது. அவள் சொல்லச் சொல்ல, துண்டுகளின் வெட்டு வாய் ஈரமாகி, ஊறி, ஒன்றோடொன்று பிடித்துக்கொண்டது. மேலே மேஸ்திரியின் குரல் வெடித்தது.

"...வேலைய விட்டே தூக்கிடுவேன்!"

"தூக்குங்க. முதல்ல குழியிலேருந்து தூக்குங்க."

வீட்டில் தட்டு காலியாக இருந்தது. கண்டக்டர் வாயைத் திறக்குமுன் அவள் கையைக் காட்டினாள்.

"உக்காருங்க. இன்னைக்கு நான் சொல்லப்போறேன்."

"நீயா?" உட்கார்ந்தார்.

"நான் தினமும் வேலைக்குப் போறேனே... அங்க மண்ணுக்கடியில..." சுவரில் சாய்ந்தவளின் கண் செருகியது. அடுத்த வார்த்தை குறட்டையாக வந்தது.

பாதியில் நின்ற கதையோடு அவர் தவித்துப்போனார். எழுப்பக் கை நீண்டது. சேறு அப்பிய கால்களையும் சிவந்த காதையும் பார்த்து, நீண்ட கை மடங்கியது. வெளியே பக்கத்து வீட்டுப் பெண்கள் புது வசவுகளோடு களத்தில் இறங்கியிருந்தார்கள். கண்டக்டர் எழுந்துபோய் ஜன்னலைச் சத்தமில்லாமல் சாத்தினார்.