தள்ளிப்போ அண்ணன்

வெறும் கையைக் காதில் வைத்துக்கொண்டு, "ஆமா மச்சான்... ஆமாமா... அப்படியா சொன்னான்?" என்று பேசியபடியே பள்ளத்தை நோக்கி நடந்து வருகிறார் அந்தப் பெரிய உடம்புக்காரர். கையில் போனும் இல்லை, அந்தப் பக்கம் மச்சானும் இல்லை. தான் நிறுத்திய தடுப்பு, போன் பேசிக்கொண்டே வருகிறவனை மறிக்குமா என்று சோதிக்கிறார். தொப்பை தடுப்பில் போய் முட்டுகிறது. முகத்தில் பரம திருப்தி. அடுத்து ஒரு காலிச் சட்டியைத் தலையில் தூக்கி வைத்துக்கொண்டு, மண் சுமந்து வரும் சித்தாளாக மாறுகிறார். சுமை தூக்கி வருகிறவர்களுக்குக் காலடி தெரியாது. பலகை கண்ணுக்கு நேரே இருக்க வேண்டும். கடைசி வேடம், தூக்கக் கலக்கத்தில் வருகிறவன். அதற்கு அவர் நடிக்கவே வேண்டியதில்லை என்பது மேஸ்திரியின் கருத்து.

கட்டடம் எழும்பும் இடத்தில் எங்கே குழி தோண்டினாலும், எங்கே தலைக்கு மேல் கல் ஏற்றினாலும், அங்கே ஆள் போகாமல் தடுப்பு வைத்து, எச்சரிக்கைப் பலகை நிறுத்துவது அவர் பொறுப்பு. பொழுது விடிந்து பொழுது போனால் வாயில் ஒரே பேச்சு: "தள்ளிப் போங்க, தள்ளிப் போங்க!" இதனால் சொந்தப் பெயர் போய், 'தள்ளிப்போ அண்ணன்' என்ற பெயர் நிலைத்துவிட்டது. இன்ஜினியர்கூட அப்படித்தான் கூப்பிடுகிறார், 'அண்ணன்' என்பதை மட்டும் விட்டுவிட்டு.

குழியின் விளிம்பிலேயே தடுப்பு வைப்பவர்களைக் கண்டால் அவருக்குக் கோபம் பொத்துக்கொண்டு வரும். "அது தடுப்பா? சாஞ்சுகிட்டு எட்டிப் பாக்க வசதி பண்ணிக் குடுத்திருக்கான்!" என்பார். நாலு எட்டு தள்ளி வைப்பார். அப்படி வைத்ததன் மேல் கொத்தனார்கள் சட்டையைக் கழற்றிக் காயப்போடுவார்கள். 'ஆபத்து' என்று பெரிதாக எழுதிய பலகையில் ஒரு கிழிந்த பனியன் காற்றில் ஆடுவதைப் பார்த்து அவர் படும் பாட்டைப் பார்க்க வேண்டுமே! "பனியனைப் பாத்து எவன்யா பயப்படுவான்?" என்று கத்துவார். "உள்ள இருக்கிறவனைப் பாத்தா பயப்படுவாங்கண்ணே" என்று பதில் வரும்.

வீட்டிலும் இதே கூத்துதான். தரை கழுவியிருந்தால் நடைக்குக் குறுக்கே ஒரு ஸ்டூல். வெந்நீர் இறக்கி வைத்திருந்தால் அதைச் சுற்றி மூன்று நாற்காலி. "என் அடுப்படிக்குள்ள போக நான் இவர்கிட்ட அனுமதி கேக்கணும்" என்று மனைவி அக்கம்பக்கத்தில் சொல்லிச் சிரிப்பாள். சொல்கிறாளே தவிர, ஸ்டூலை அவள் நகர்த்தியதில்லை. மத்தியானம் டிபன் கேரியரோடு வரும்போதும் தடுப்புகளைச் சுற்றிக்கொண்டுதான் வருவாள்.

இப்படிப்பட்ட மனிதருக்கும் ஒரு சோம்பல் வந்தது. பின்பக்கச் சுவரோரம் குழாய் பதித்து, பள்ளத்தை மூடிவிட்டார்கள். அதே இடத்தில் கழிவுநீர்த் தொட்டிக்கு மறுபடி தோண்டப் போவதாகப் பேச்சு. "கழட்டி மறுபடியும் கட்டணுமா? கிடக்கட்டும்" என்று பலகையையும், சிவப்பும் வெள்ளையுமாய்க் கோடு போட்ட பிளாஸ்டிக் ரிப்பனையும் அப்படியே விட்டுவிட்டார். கெட்டித் தரைக்குக் காவலாகத் தொங்கிய ரிப்பனுக்கு அடியில் எல்லோரும் குனிந்து போக ஆரம்பித்தார்கள். மனைவி மட்டும் தயங்கினாள். "சும்மா வாம்மா, அடியில ஒண்ணும் இல்ல" என்று அவரே ரிப்பனைத் தூக்கிப் பிடித்து அவளை வரவழைத்தார். அந்த வழி அவளுக்குப் பழகிவிட்டது.

பிறகு ஒரு காலையில் அங்கே தோண்டினார்கள். ஆள் உயரத்துக்கு மேல் ஆழம். அடியில் கம்பிகள் நட்டுக்கொண்டு நின்றன. அவர் வந்து பார்த்தார். ரிப்பன் இருந்தது, பலகை இருந்தது. போனும் பேசவில்லை, சட்டியும் தூக்கவில்லை. வாசலில் மணல் லாரி வர, அதைப் பின்னால் எடுக்கவைக்கப் போய்விட்டார்.

லாரியைத் திருப்பிவிட்டு நிமிர்ந்தபோது, தூரத்தில் மனைவி ஒரு கையில் கேரியரும் மறு கையில் ரிப்பனுமாகக் குனிவது தெரிந்தது. "தள்ளிப் போ!" என்று அலறினார். கலவை மெஷின் சத்தத்துக்கு மேலே அவர் குரல் கேட்கத்தான் செய்தது. ஆனால் நாள் முழுக்கக் கேட்கிற சத்தம்தானே, ஒருவரும் திரும்பவில்லை. அவர் ஓடினார். அந்த உடம்பு ஓடி அதுவரை யாரும் பார்த்ததில்லை.

அதற்குள் காலடி மண் சரிந்தது. அவள் பின்பக்கமாகத் தொப்பென்று உட்கார்ந்துவிட்டாள். கேரியரும் ஒரு செருப்பும் உள்ளே போயின. அவர் வந்து நின்றபோது, கம்பிகளுக்கு நடுவே கேரியர் மூடி இன்னும் சுற்றிக்கொண்டிருந்தது. அவள் அழவில்லை. புடவை மண்ணைத் தட்டிக்கொண்டு, "நீங்கதானே ஒண்ணும் இல்லேன்னு தூக்கிப் பிடிச்சீங்க" என்றாள்.

அன்றிலிருந்து, குழி மூடிய அடுத்த நிமிடமே ரிப்பனைச் சுருட்டிவிடுகிறார். சாப்பாட்டுக்கு உட்கார்ந்தவர் பாதியில் எழுந்து போய்ப் பலகையைப் பிடுங்கிக்கொண்டு வந்ததும் உண்டு. "வைக்கிறப்போ ஒரு தொல்லை, எடுக்கிறப்போ ஒரு தொல்லை" என்று மேஸ்திரி அலுத்துக்கொள்கிறார். இதையெல்லாம் அவர் பொருட்படுத்துவதில்லை. அவர் மனத்தை அறுப்பது வேறு. தடுப்பு எடுத்த இடத்திலும் மனைவி கால் வைப்பதில்லை. வெயிலில் தெருவைச் சுற்றிக்கொண்டு முன்வாசல் வழியாக வருகிறாள். "எடுத்தாச்சும்மா, நேரா வா" என்றால், "முன்னேகூடச் சொன்னீங்க" என்கிறாள். ஊரையே தள்ளிப் போகச் சொல்கிறவருக்கு, ஒருத்தியை வரச் சொல்ல வாய் போதவில்லை.

தொட்டி கட்டி முடிந்து, சுற்றிலும் மண் போட்டுக் கெட்டிப்படுத்திய அன்று, பலகையையும் ரிப்பனையும் அவரே எடுத்தார். மத்தியானம் அவள் கேரியரோடு சுவரோரம் வந்து, வழக்கம்போலத் தெருப் பக்கம் திரும்பினாள். "இந்தாம்மா, ஒரு நிமிஷம் நில்லு" என்று கூப்பிட்டார். அவள் நின்றாள். அவர் அந்த இடத்தின் நடுவே போய், இரண்டு காலையும் சேர்த்து, தொம்மென்று குதித்தார். ஹெல்மெட் மூக்குவரை இறங்கியது. மறுபடி குதித்தார். வேலையை நிறுத்திவிட்டு ஆட்கள் எல்லோரும் கைகொட்டிச் சிரித்தார்கள். அவர் நிறுத்தவில்லை, இந்த மூலையில் ஒன்று, அந்த மூலையில் ஒன்று என்று மூச்சிரைக்கக் குதித்துக்கொண்டே இருந்தார்.

அவள் சிரிக்கவில்லை. கேரியரை இடது கைக்கு மாற்றிக்கொண்டு, வலது கையை அவர் பக்கம் நீட்டினாள்.