எருமப்பட்டியில் பூ கேட்ட இத்தாலியப் பாடகர்

வியாழன் காலை ஏழரைக்குச் சேலத்தை விட்டுக் கிளம்பும்போதே எனக்குக் குழப்பம் ஆரம்பித்துவிட்டது. பின்சீட்டில் உட்கார்ந்திருக்கும் வெள்ளைக்காரர் யாரென்று டிரைவர் செல்வம் கேட்டார். பாடகர் என்றேன். என்ன பாட்டுப் பாடுவார் என்றார். அங்கேதான் மாட்டிக்கொண்டேன்.

என்னைப் பற்றி இரண்டு வரி சொல்லிவிடுகிறேன். சேலத்துக் கத்தோலிக்கக் குடும்பம். பாதிரியார் ஆவதற்காக ரோமில் ஆறு வருடம் படித்துவிட்டு, ஆகாமல் திரும்பி வந்தவன். ஜலகண்டாபுரம் பக்கத்துத் தறிக்கூடங்களில் இயந்திரம் பூட்ட வரும் இத்தாலிய இன்ஜினியர்களுக்கு மொழிபெயர்ப்பது இப்போது என் பிழைப்பு. இந்த போல்ட்டை முறுக்கு, அந்த பெல்ட்டைத் தளர்த்து என்பதுதான் நான் தினமும் பேசுகிற இத்தாலியன். அப்படிப்பட்டவனிடம் தெரிந்த இன்ஜினியர் ஒருவர் ஒரு பாடகரை ஒப்படைத்து, மூன்று நாள் நாமக்கல் பக்கம் சுற்றிக்காட்டு என்றால் நான் என்னதான் செய்வேன்!

அவர் பெயர் லூக்கா. முப்பத்தாறு வயது. கழுத்து வரைக்கும் பச்சை குத்தியிருந்தார். பார்த்தால் அடிதடிக்காரர், பேசினால் கன்னியர் மடத்துச் சிஸ்டர் மாதிரி அவ்வளவு மென்மை. கூட ஒரு கேமராமேன் வந்திருந்தார். மூன்று நாளும் அவர் வெளிச்சத்தைத் தவிர வேறெதைப் பற்றியும் பேசவில்லை. அதனால் நானும் அவரை இத்தோடு விட்டுவிடுகிறேன்.

சேலத்திலிருந்து நாமக்கல் ஐம்பத்தைந்து கிலோமீட்டர். மல்லூர் தாண்டுவதற்குள் லூக்கா தன் கதையை ஆரம்பித்தார். நான் செல்வத்துக்குத் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தேன். வட இத்தாலியில் தொழிற்சாலைகள் சூழ்ந்த ஒரு புறநகர். பதினாறு வயதில் சூப்பர் மார்க்கெட் வண்டி நிறுத்துமிடத்தில் பையன்கள் வட்டமாக நின்று, ஒருவரையொருவர் பாட்டாலேயே திட்டிக்கொள்வார்களாம். அதில் ஜெயித்து ஜெயித்து ராப் பாடகர் ஆகியிருக்கிறார். அப்போது அவர் வைத்துக்கொண்ட மேடைப்பெயருக்கு ஆணி என்று அர்த்தம். முதல் ஆல்பம் முழுக்கக் கோபம். போலீஸைத் திட்டினார், பள்ளிக்கூடத்தைத் திட்டினார், பெற்ற அப்பாவையும் திட்டினார். நாடு முழுக்க அதை வாங்கிக் கேட்டார்கள்.

"திட்டறதுக்கு ஊரே காசு குடுத்துதுங்களா?" என்றார் செல்வம். "எங்க ஊட்ல சும்மாவே கெடைக்குமுங்க."

பிறகு ஒருநாள் நண்பன் கல்யாணத்தில் விளையாட்டாக ஒரு காதல் பாட்டு பாடியிருக்கிறார். யாரோ அதைப் போனில் எடுத்துப் போட, அந்தக் கோடை முழுவதும் கடற்கரையெங்கும் அதே பாட்டு. அப்புறம் தொலைக்காட்சியில் நாடே உட்கார்ந்து பார்க்கிற பாட்டுப்போட்டிக்குக் கூப்பிட்டார்கள். கோட்டு சூட்டு மாட்டிக்கொண்டு போனார். ஆணி என்ற பெயரைக் கழற்றிவிட்டுச் சொந்தப் பெயரில் பாப் பாடகர் ஆனார். பழைய ரசிகர்கள் அவருடைய அம்மா வீட்டுச் சுவரில் துரோகி என்று எழுதிவிட்டுப் போனார்கள். புது ரசிகர்கள் யாரென்று கேட்டேன். தன் அம்மா வயதுப் பெண்மணிகள் என்று வெட்கப்பட்டுச் சொன்னார்.

"இப்போது நீங்கள் ராப் பாடகரா, பாப் பாடகரா?" என்று கேட்டேன்.

"அதைத்தான் ஆறு வருடமாக நானும் கேட்டுக்கொண்டிருக்கிறேன்" என்றார். ஆண்டகளூர் கேட் நிறுத்தத்தில் இறங்கி டீ குடித்தோம். கிளாஸ் பதினைந்து ரூபாய். லூக்கா இரண்டு குடித்தார்.

பத்து மணிக்கு நாமக்கல். ஊரைச் சுற்றிலும் லாரிக்குப் பாடி கட்டும் பட்டறைகள். வெறும் சேஸும் என்ஜினுமாக உள்ளே போகிற வண்டி, மூன்று நான்கு வாரத்தில் மரப்பலகை, தகரம், பெயிண்ட், கண்ணாடி எல்லாம் ஏறி மாப்பிள்ளை மாதிரி வெளியே வரும். எருமப்பட்டி நல்லசிவம் புதிதாக எடுத்த வண்டி அங்கே தயாராக நின்றது. அவருக்கு எட்டு லாரி, பதினைந்து ஏக்கர் தோட்டம். அந்த வண்டிக்கு முன்னால் நின்று பாடி, புதுப் பாட்டுக்கு வீடியோ எடுப்பதற்குத்தான் லூக்கா இத்தாலியிலிருந்து வந்திருந்தார்.

"நம்ம வண்டி முன்னாடிதானுங்களா பாடோணும்? தாராளமாப் பாடச் சொல்லுங்க. ஆனா பம்பர்மேல மட்டும் ஏறப்படாதுங்க, பெயிண்ட் இன்னும் காயில" என்றார் நல்லசிவம்.

ஏன் லாரி, ஏன் நாமக்கல் என்று எனக்கு அதுவரை தெரியாது. மத்தியானம் வண்டி நிழலில் உட்கார்ந்து தயிர்சாதம் சாப்பிடும்போது லூக்கா சொன்னார். அவருடைய அப்பா லாரி டிரைவர். தெற்கு இத்தாலியிலிருந்து தக்காளி ஏற்றிக்கொண்டு வடக்கே வருவார். வீட்டுக்கு வருவது ஞாயிற்றுக்கிழமை மட்டும். வந்தாலும் தூக்கம். அந்தக் கோபத்தில்தான் மகன் முதல் ஆல்பத்தில் அப்பாவைப் பெயர் சொல்லித் திட்டியிருக்கிறார். அது ரேடியோவில் வந்தது. லாரிக்குள் நாள் முழுக்க ரேடியோ ஓடும். அப்பா நிச்சயம் கேட்டிருப்பார். ஆனால் ஒருநாளும் அதைப் பற்றி வாய் திறக்கவில்லை. போன வருடம் நெடுஞ்சாலை ஓரமாக வண்டியை நிறுத்தித் தூங்கியவர் எழுந்திருக்கவில்லை.

புதுப் பாட்டு வழக்கம்போலக் காதல் பாட்டுதான். ஜன்னல், நிலா, நீ வரவில்லை என்கிற சமாச்சாரம். ஆனால் நடுவில் ஒரு நிமிடம் பாட்டு நின்று ராப் வருகிறது. அது அப்பாவுக்கு. மன்னிப்பு. இதை வெட்டினால்தான் பாட்டை வெளியிடுவோம் என்று மிலான் நகரத்துக் கம்பெனி சொல்லிவிட்டது. கோடைப் பாட்டில் செத்துப்போன அப்பா எதற்கு என்பது அவர்கள் கட்சி. ஊருக்குத் திரும்புவதற்குள் பதில் சொல்லியாக வேண்டும். வெட்டினால் பாட்டு ஓடும், வெட்டாவிட்டால் கம்பெனியே கைவிட்டாலும் விடும்.

அந்தப் பகுதியை எனக்காக மெதுவாக ஒருமுறை சொல்லிக் காட்டினார். என் ரோமாபுரி இத்தாலியனுக்கு அதில் பாதிக்கு மேல் தலையும் புரியவில்லை, காலும் புரியவில்லை. டீசல், பிரேக், உன் கை, எழுந்திரு என்று நான்கைந்து வார்த்தைதான் பிடிபட்டது. ஆனாலும் கர்சீப்பை எடுக்க வேண்டியதாயிற்று. புரியாத பாட்டுக்கு எதற்கு அழுகை வருகிறது என்று என்மேலேயே எனக்கு எரிச்சல்.

"வெட்டலாமா, வேண்டாமா? நீங்கள் சொல்லுங்கள்" என்றார்.

"நான் வெறும் மொழிபெயர்ப்பாளன் ஐயா" என்று கையைக் கழுவிக்கொண்டேன்.

வெள்ளி காலை எருமப்பட்டி. நாமக்கல்லிலிருந்து துறையூர் சாலையில் அரைமணி நேரம். ஒரு பக்கம் கொல்லிமலை கூடவே வந்தது. வழியெல்லாம் சோளமும் மரவள்ளியும் கோழிப்பண்ணையும். புது வண்டிக்குப் பூஜை என்பதால் நல்லசிவம் எங்களையும் அழைத்திருந்தார். அவர் மனைவி சரஸ்வதி வாசலிலேயே நின்றிருந்தார்.

"வாங்க சாமி, வாங்க" என்று லூக்காவின் கையைப் பிடித்து உள்ளே கூட்டிப்போனார். "ஏனுங்க, கழுத்தெல்லாம் இப்படிக் குத்தீருக்கறாரே, இவங்கம்மா ஒண்ணும் சொல்லலீங்களா?"

மொழிபெயர்த்தேன். அம்மா மூன்று மாதம் பேசவில்லை என்றார் லூக்கா. சரஸ்வதிக்கு அவரை அப்போதே பிடித்துவிட்டது. கேட்காமலேயே இலையில் மூன்றாவது தோசையைப் போட்டார்.

பத்தரை மணிக்கு அவர்கள் குலதெய்வம் கோயிலுக்குப் போனோம். தோட்டத்து நடுவில் சின்னக் கோயில், உள்ளே முழங்கால் உயரத்துக்கு அம்மன். வண்டிப் பூஜை முடிந்ததும் நல்லசிவம், "அப்படியே ஒரு பூவும் கேட்டுக்கறேனுங்க" என்றார். கொங்குப் பக்கம் கல்யாணமானாலும் கிணறானாலும் சாமியிடம் பூ கேட்காமல் செய்யமாட்டார்கள். பூசாரி சிலையைத் தண்ணீரால் நனைத்து, இரண்டு தோளிலும் ஒவ்வொரு பூவை ஒட்டவைத்தார். கேட்கிறவர் மனசுக்குள்ளேயே கேட்க வேண்டும். வலது பூ முதலில் விழுந்தால் சரி. இடது பூ விழுந்தால் வேண்டாம். இதை அப்படியே லூக்காவுக்குச் சொன்னேன். அவர் கண்ணை இமைக்காமல் கேட்டுக்கொண்டார்.

நல்லசிவம் கைகூப்பி நின்றார். கொஞ்ச நேரத்தில் இடது பூ விழுந்தது.

"கெழக்குத் தோட்டத்துல போர் போடலாமான்னு கேட்டனுங்க. வேண்டாங்குது" என்று துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். "பரவால்லீங்க, அடுத்த அமாவாசைக்கு வந்து மறுக்காக் கேட்டுக்கலாம்."

"மறுபடியும் கேட்கலாமா?" என்றேன்.

"ஏனுங்க, சாமி என்ன பத்தரத்துலயா எழுதிக் குடுத்துருக்குது?"

லூக்கா என் முழங்கையைத் தொட்டார். "நானும் கேட்கலாமா?" என்றார். எனக்குத் திக்கென்றது. அவரும் ஞானஸ்நானம் பெற்றவர், நானும் பெற்றவன். என் அம்மா இதைப் பார்த்தால் அந்த இடத்திலேயே ஜெபமாலையை எடுத்திருப்பார். பூசாரியோ, "ஆரு கேட்டாலும் அம்மன் சொல்லுமுங்க" என்று அடுத்த இரண்டு பூவை எடுத்துவிட்டார்.

லூக்கா கண்ணை மூடி நின்றார். பூ விழவில்லை. வெயில் ஏறியது. பூசாரி ஒருமுறை வெளியே போய் மாட்டை நிழலில் மாற்றிக் கட்டிவிட்டு வந்தார். அப்போதும் விழவில்லை. சரஸ்வதி, "சொல்லு தாயீ, தூரத்துப் புள்ள காத்துக்கிட்டு நிக்குது" என்று முனகினார். எனக்குக் கால் வலித்தது. இருந்தாலும் உட்கார மனம் வரவில்லை. கடைசியில் வலது தோள் பூ வழுக்கி விழுந்தது.

எல்லாருக்கும் ஒரே சந்தோஷம். சரஸ்வதி குலவை போட்டார். பூசாரி லூக்காவின் நெற்றி நிறையத் திருநீறு பூசினார். "நல்ல வாக்குங்க! என்னத்தைக் கேட்டாராமா?" என்றார் நல்லசிவம்.

லூக்கா தரையைப் பார்த்தார். பிறகு, "பழைய பாட்டா, புதுப் பாட்டா, எந்த வழியில் போகட்டும் என்று கேட்டேன்" என்றார். நான் மொழிபெயர்த்தேன். சரஸ்வதி நெற்றியில் அடித்துக்கொண்டார்.

"அட கண்றாவியே! அதுவா இதுவான்னு கேட்டா, சரின்னா சாமி எதுக்குச் சொல்லுச்சுன்னு எடுத்துக்கறது? நீங்க வெவரமாச் சொல்லலீங்களா?"

சொன்னேனே! நல்லசிவம் கேட்டதை அவரே பக்கத்தில் நின்று பார்த்தாரே! ஆனாலும் பழி என் தலையில். திரும்பி வந்து சாப்பிட்டு முடிக்கும் வரை அதே வழக்கு. எதை முதலில் சொன்னாரோ அதுதான் கணக்கு என்றார் செல்வம். இரண்டுக்குமே சம்மதம், இரண்டையும் பாடட்டும் என்றார் நல்லசிவம். அமாவாசை வரை இருந்து மறுபடி கேட்கட்டும் என்றார் கூடவே சாப்பிட வந்த பூசாரி. அவரவர் சொன்னதை மாற்றி மாற்றி மொழிபெயர்த்து எனக்கு மண்டை காய்ந்துவிட்டது. கேட்ட ஆசாமி மட்டும் தட்டப்பயறுக் குழம்பைப் பிசைந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

சனிக்கிழமை விடிந்ததும் சேலத்திலிருந்து பெங்களூர் விமான நிலையத்துக்குக் கிளம்பினோம். இருநூற்று முப்பது கிலோமீட்டருக்குக் குறையாது. தொப்பூர் ஏற்றத்தில் லாரிகள் மூச்சு வாங்கிக்கொண்டு ஏறின. லூக்கா ஒவ்வொரு டிரைவர் முகத்தையும் எட்டி எட்டிப் பார்த்துக்கொண்டே வந்தார். மிலானிலிருந்து போன் வந்தபடி இருந்தது. அவர் எடுக்கவில்லை.

விமான நிலைய வாசலில் பெட்டிகளை இறக்கிய பிறகு என்னைத் தனியாகக் கூப்பிட்டார்.

"நான் அங்கே பொய் சொன்னேன். நீங்கள் சொன்னது எனக்கு நன்றாகவே புரிந்தது. ஒரே கேள்விதான் கேட்டேன். அப்பாவை வெட்டிவிடட்டுமா என்று கேட்டேன்."

விழுந்ததோ வலது பூ. அப்படியானால் சரி, வெட்டு என்று அர்த்தம்.

"வேண்டாம் என்று வரும் என்று நினைத்தேன். சரஸ்வதி அம்மா அவ்வளவு சந்தோஷப்பட்டார். அவரிடம் போய் இதை எப்படிச் சொல்வது? அதனால்தான் கேள்வியை மாற்றினேன்." பையிலிருந்து போனை எடுத்தார். "கடவுளே அனுமதி கொடுத்துவிட்டார், தடுக்க யாருமில்லை. இனிமேல் வெட்டினால், வெட்டியது நான்தானே?"

அங்கேயே நின்று மிலானுக்குப் போன் போட்டார். அவர் பேசிய இத்தாலியன் எனக்கு ஒரு வார்த்தை விடாமல் புரிந்தது. அப்பா இருப்பார், பாட்டு வேண்டாமென்றால் போகட்டும் என்றார். அந்தப் பக்கம் வெகுநேரம் கத்தல் கேட்டது. அவர் போனை அணைத்துப் பையில் போட்டுக்கொண்டு, என்னைக் கட்டிப்பிடித்துவிட்டு உள்ளே போனார்.

திரும்பி வரும் வழியெல்லாம் யோசித்தேன். எங்கள் வீட்டில் அந்தோணியாருக்கு மெழுகுவர்த்தி ஏற்றுவோம், காணிக்கை நேர்வோம், வேண்டியதைக் கேட்போம். அவர் பதில் சொல்வதில்லை. நடந்தால் அவர் செய்தது, நடக்காவிட்டால் நம் பாவம் என்று சமாளித்துவிடலாம். எருமப்பட்டி அம்மன் முகத்துக்கு நேராகப் பதில் சொல்கிறாள், அதனால் ஒளிய இடமில்லை. இதில் எது நல்லது என்று கேட்டால் எனக்குத் தெரியவில்லை. மூன்று நாள் கூடவே இருந்தும், லூக்கா ராப் பாடகரா பாப் பாடகரா என்பதும் தெரியவில்லை.

கிருஷ்ணகிரி தாண்டும்போது சரஸ்வதி கூப்பிட்டார். "அவரு பத்தரமா ஏறிட்டாருங்களா?" என்றவர், உடனே, "சாமி எதுக்குச் சரின்னுதாமா, ஏதாச்சும் வெளங்குச்சுங்களா?" என்று கேட்டார். ஒரு பொய் போதாதென்று இன்னொன்றை அடுக்க எனக்கு மனமில்லை. மன்னிப்புப் பாட்டு, கம்பெனி, அவர் உண்மையில் கேட்ட கேள்வி, விழுந்த பூ, கடைசியில் அவர் வெட்டமாட்டேன் என்றது எல்லாவற்றையும் சொன்னேன். சாமி வாக்கை மீறியதற்குத் திட்டப்போகிறார் என்று காத்திருந்தேன்.

"அப்பன் விசயத்துல சாமி சரின்னு சொல்லீட்டா ஆச்சுங்களா?" என்றார். "மகன் சரின்னு சொல்லோணுமல்லங்க?"