நான் கொடுக்காத பணிஸ்

என் கணவர் என்னைக் கஞ்சப்பிசினாறி என்பார். காசு விஷயத்தில் இல்லை, பொருள் விஷயத்தில். குடையை யாருக்கும் இரவல் கொடுக்கமாட்டேன். ஒபிசில் என் பேனையை யாராவது கேட்டால், அவர் கையெழுத்துப் போட்டு முடிக்கும்வரை பக்கத்திலேயே நின்று வாங்கிக்கொண்டுதான் நகருவேன். கிண்டல் செய்வார்கள், செய்யட்டும். ஆனால் கொடுக்காமல் விட்ட ஒன்றை நினைத்து இருபத்தைந்து வருடத்துக்கு மேலாக நான் வெட்கப்பட்டுக்கொண்டிருந்தது என் கணவருக்கே இந்த வருடம்தான் தெரியவந்தது.

போன டிசம்பரில் நத்தாருக்கு எனக்கு நானே ஒரு கேம் மெஷின் வாங்கிக்கொண்டேன். கைக்கடக்கமான புது மெஷின். நாங்கள் சின்னப் பிள்ளைகளாக இருந்தபோது வந்த பழைய கேம்களை அதன் முதுகில் செருகி அப்படியே விளையாடலாம். கேம் இருக்கிற அந்தச் சாம்பல் நிறச் சதுரத் துண்டை அப்போது கசட் என்றுதான் சொல்வோம். இன்றைக்கும் எனக்கு வேறு சொல் வாயில் வராது. சிங்கப்பூரில் இருந்து வந்த உறவுக்காரர் ஒருவர் மெஷினைக் கொண்டுவந்து தந்துவிட்டு, "மகளுக்கோ?" என்று கேட்டார். ஓம் என்றேன். மகளோ அதை ஒரு தடவை பார்த்துவிட்டு, படமெல்லாம் கட்டை கட்டையாக இருக்கிறது என்று திருப்பித் தந்துவிட்டாள். நல்லதாகப் போயிற்று.

வெள்ளவத்தையில் இருந்து கொழும்புக் கோட்டைக்குப் போகிற காலை ரயிலில்தான் என் விளையாட்டு. இருக்க இடம் கிடைக்காது. ஒரு கையால் கம்பியையும் மறு கையால் மெஷினையும் பிடித்துக்கொண்டு நிற்பேன். பழைய மெஷினில் திரைக்கு வெளிச்சம் கிடையாது. வெயிலுக்குத் தோதாகச் சரித்துப் பிடித்தால்தான் பச்சையில் ஏதாவது தெரியும். இப்போது எல்லாம் பளிச்சென்று இருக்கிறது. ஒரு கேமில் மருந்து விற்கிற ஆளை அந்தக் காலம் முழுக்கப் பொம்பிளை என்று நினைத்திருந்தேன். பம்பலப்பிட்டியைத் தாண்டும்போது பார்த்தால் ஆளுக்கு மீசை.

ஒரே ஒரு கசட்டை மட்டும் நான் போட்டுப் பார்க்கவில்லை. பிஸ்கட் டின்னுக்குள் ஒரு கேபிளோடு சேர்த்து வைத்தபடியே இருந்தது. சின்னச் சின்னப் பிராணிகளைப் பிடித்து, பெயர் வைத்து, வளர்த்து, சண்டைக்கு விடுகிற கேம் அது. விளையாடியதை ஞாபகம் வைத்திருப்பதற்காக அதற்குள் ஒரு ரூபாய் நாணயக் குற்றி அளவில் ஒரு பெட்டரி இருக்கிறது. பெட்டரி செத்தால் வளர்த்ததெல்லாம் போய்விடும். புறக்கோட்டையில் மெஷின் திருத்துகிற ஒருவரிடம் கேட்டேன். கசட் எத்தனை வருடம் பழையது என்று கேட்டுவிட்டு, "மெரிலா எத்தி, மிஸ்" என்றார் சிங்களத்தில். செத்திருக்குமாம். நிச்சயமாகச் செத்ததா என்று பார்க்க எனக்குத் துணிவு வரவில்லை.

நான் கொட்டாஞ்சேனைப் பிள்ளை. கோயில் மணி கேட்கிற தூரத்தில் எங்கள் வீடு. அப்பா துறைமுகத்தில் வேலை. அம்மா வீட்டில் சமைத்து, அடுத்த ஒழுங்கையில் இருந்த லொட்ஜுக்கு மத்தியானச் சாப்பாட்டுப் பார்சல் கொடுப்பார். வெளிநாட்டுக்குப் போவதற்காக யாழ்ப்பாணத்தில் இருந்து வந்து, ஏஜென்சிக்காரன் சொல்லும் நாளுக்காகக் காத்துக்கிடக்கிற குடும்பங்கள் அந்த லொட்ஜ் நிறைய இருந்தன. பள்ளிக்கூட லீவு நாட்களில் பார்சல்களைப் படியேறிக் கொண்டுபோய்க் கொடுப்பது என் வேலை.

மூன்றாம் நம்பர் அறையில் ஒரு தாயும் மகளும் இருந்தார்கள். மகளுக்கு என் வயது, பதினொன்று. அவளுடைய அப்பா முதலிலேயே சுவிஸுக்குப் போயிருந்தார். பிள்ளை காத்திருக்கிற நேரம் போகட்டும் என்று கேம் மெஷின் ஒன்றை அனுப்பியிருந்தார். எனக்கு டுபாயில் இருந்த சித்தப்பா தந்த மெஷின் இருந்தது. இரண்டு பேரிடமும் அதே பிராணி கேம். அவளிடம் ஒரு கேபிளும் இருந்தது. இரண்டு மெஷினையும் கேபிளால் தொடுத்தால் என் பிராணி அவளுக்கும் அவளுடையது எனக்கும் மாறும். அன்றைக்கே ஒரு சாதாரணக் குருவியை மாற்றிப் பார்த்தோம். அன்றிலிருந்து நாங்கள் இரண்டு பேரும் லொட்ஜ் மாடிப்படி ஜன்னலடியில்தான். வெயில் நகர நகர நாங்களும் ஒவ்வொரு படியாக நகர்ந்து இருப்போம்.

என் முதல் பிராணிக்குப் பணிஸ் என்று பெயர் வைத்திருந்தேன். வட்டமாக, ஊதிப்போய், பேக்கரியில் அடுக்கி வைத்திருக்கும் பணிஸ் போலவே இருக்கும். சண்டையில் பெரிதாக ஒன்றும் வெட்டி விழுத்தாது. ஆனாலும் அதுதான் என் உயிர். அவளிடம் பறக்கிற பெரிய பிராணி ஒன்று இருந்தது. அதைப் பிடிக்க அவளுக்கு மூன்று வாரம் எடுத்தது.

ஒரு நாள் பின்னேரம் அவள் கேபிளைத் தொடுத்துவிட்டுச் சொன்னாள்.

"நான் என்ர பெரியதைத் தாறன். நீ பணிஸைத் தா."

நம்பமுடியாத பேரம். வேறு யாராக இருந்தாலும் பாய்ந்து விழுந்து மாற்றியிருப்பார்கள். எனக்கு உடனே சந்தேகம் வந்தது.

"ஏலாது. பணிஸ் முதல் நாளில இருந்து என்னோட இருக்கிறது. வேற எதையும் கேளு."

"வேற ஒண்டும் வேண்டாம். அதைத்தான் தா."

"ஏலாது எண்டா ஏலாது."

அவள் சண்டை பிடிக்கவில்லை. கொஞ்ச நேரம் என் திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு கேபிளைக் கழற்றிச் சுருட்டி என் மடியில் வைத்தாள். "இது உன்னட்டையே இருக்கட்டும். நாளைக்கு வந்து எடுக்கிறன்" என்றாள்.

வீட்டுக்கு வந்து பெரிய வெற்றிக் கதையாக அம்மாவிடம் சொன்னேன். அம்மா அரிசி களைந்துகொண்டிருந்தார். நிமிராமலேயே, "குடுத்திருக்கலாமே பிள்ள" என்றார். அம்மா ஏன் அவள் பக்கம் கதைக்கிறார் என்று எனக்குக் கோபம்.

அடுத்த நாள் அம்மா லஞ்ச் ஷீட்டை விரித்துப் பார்சல் கட்டியபோது இரண்டு குறைந்தது. எண்ணித் தந்ததில் பிழை என்று சொன்னேன். பிழை இல்லை என்றார் அம்மா. மூன்றாம் அறைக்கு இனிச் சாப்பாடு வேண்டாம் என்று லொட்ஜ் மனேஜர் முந்தின நாள் மத்தியானமே அவரிடம் சொல்லிவிட்டாராம். அந்தக் காலத்தில் பயண நாளை ஒருவரும் வாய்விட்டுச் சொல்லமாட்டார்கள். சொன்னால் பயணம் குழம்பும் என்கிற பயம் பாதி, மூச்சு விடக்கூடாது என்ற ஏஜென்சிக்காரனின் கட்டளை பாதி. அம்மாவுக்கு மட்டும் பார்சல் கணக்கில் தெரிந்துவிடும். தெரிந்தாலும் சொல்லமாட்டார்.

ஓடிப்போய்ப் பார்த்தேன். மூன்றாம் அறையில் பூட்டுத் தொங்கியது. அப்போதுதான் எனக்கு விளங்கியது. அவளுக்கு வேண்டியிருந்தது பிராணி இல்லை. கொண்டுபோக என்னுடைய ஏதாவது ஒன்று. அவளால் கேட்க மட்டும்தான் முடிந்தது, ஏன் என்று சொல்ல முடியவில்லை. நான் ஏலாது என்றுவிட்டேன். அன்றைக்கு அம்மாவோடு கத்தின கத்தல் அந்த ஒழுங்கைக்கே கேட்டிருக்கும். அதன்பிறகு அந்தக் கேமை நான் விளையாடவில்லை.

இந்த ஓகஸ்டில் ஒபிசில் இருந்தபோது தெரியாத நம்பரில் இருந்து கோல் வந்தது. ஒரு பெண் தன் பெயரைச் சொன்னாள். எனக்குத் தெரியாத பெயர். காப்புறுதி விற்கிறாளாக்கும் என்று நினைத்து வெட்டப்போனேன். "மூண்டாம் நம்பர் ரூம்" என்றாள் அவள். எழும்பி நின்றுவிட்டேன். கொட்டாஞ்சேனைக்குப் போய் லொட்ஜைத் தேடினாளாம். அந்த இடத்தில் போன் கடை இருக்கிறதாம். பார்சல் கட்டிக் கொடுத்த அக்காவின் வீடு எது என்று கடைக்காரரிடம் கேட்டு, அம்மாவைக் கண்டு, என் நம்பரை வாங்கியிருக்கிறாள். வெளிநாட்டில் இருந்து விடுமுறைக்கு வருகிற எல்லாரையும் போல வெள்ளவத்தையில்தான் ஃப்ளாட் வாடகைக்கு எடுத்து நிற்கிறாள், என் வீட்டில் இருந்து மூன்று ஒழுங்கை தள்ளி.

ஞாயிற்றுக்கிழமை அவள் வருவதாக இருந்தது. அன்று காலை பூசைக்குப் போய் வந்து, உடுப்புக்கூட மாற்றாமல் பிஸ்கட் டின்னைத் திறந்தேன். கசட்டின் வாயைத் துடைத்துச் செருகினேன். செத்திருந்தால் 'புது ஆட்டம்' என்று மட்டும் வரும். உயிரோடு இருந்தால் அதற்கு மேலே 'தொடர்க' என்று ஒரு வரி இருக்கும். இருந்தது. பணிஸ் முதல் இடத்தில் நின்றது, ஒரு சுற்றும் மெலியாமல். பதறிப்போய் உடனே நிற்பாட்டிவிட்டேன்.

அவள் வந்தாள். தலையில் நாலைந்து நரை, கையில் பெரிய சொக்லட் பெட்டி. முதல் பத்து நிமிடம் நீங்கள் நீங்கள் என்று கதைத்தோம். தேத்தண்ணி ஆறுவதற்குள் அது நீ ஆகிவிட்டது. பிள்ளைகள், வேலை, குளிர் எல்லாம் சொன்னாள். அவளுடைய அம்மா இரண்டு வருடத்துக்கு முன் காலமாகிவிட்டார். என்னால் அதற்கு மேல் பொறுக்க முடியவில்லை. மெஷினை எடுத்து மேசையில் வைத்தேன். கேபிளைப் பக்கத்தில் வைத்தேன்.

"நீ பணிஸைக் கேட்டனீ. நான் தரேல்ல. நீ போறாய் எண்டு எனக்குத் தெரியாது. தெரிஞ்சிருந்தா தந்திருப்பன்."

இத்தனை வருடமாக மனதுக்குள் ஒத்திகை பார்த்த வசனம் இவ்வளவுதான். சொல்லும்போது அழுதுவிட்டேன். என் கணவர் பத்திரிகையை முகத்துக்கு நேரே உயர்த்திக்கொண்டார்.

அவள் கேபிளை எடுத்து விரலில் சுற்றினாள். "நாங்கள் நேர போகேல்ல" என்றாள். வழியில் ஏதோ ஒரு நாட்டில் ஐந்து மாதம் ஒரு அறைக்குள் இருந்திருக்கிறார்கள். கடைசியில் ஒரு எல்லையில் இறங்கி நடக்கவேண்டி வந்தது. பைகளை விட்டுவிட்டு வரச் சொன்னானாம் கூட்டிக்கொண்டு போனவன். மெஷின், படங்கள், பள்ளிக்கூட றிப்போட், எல்லாம் அங்கே ஒரு வாய்க்காலுக்குள் கிடக்கிறது. "நீ தந்திருந்தா பணிஸும் அதுக்குள்ளதான் கிடந்திருக்கும். நல்ல காலம், தரேல்ல."

மெஷினைப் போட்டுக் கையில் கொடுத்தேன். பணிஸைக் கண்டதும் சிரித்தாள். பிறகு மற்றவற்றைத் தட்டித் தட்டிப் பார்த்துக்கொண்டு போனவள் ஓரிடத்தில் அப்படியே நின்றுவிட்டாள். எட்டிப் பார்த்தேன். முதல் நாள் மாற்றிக்கொண்ட குருவி. நான் அதை மறந்தே போயிருந்தேன். அந்தக் கேமில், எந்தக் கை மாறினாலும் முதலில் பிடித்தவரின் பெயர் பிராணியின் கீழே இருக்கும். குருவியின் கீழே ஆங்கில எழுத்தில் அவளுடைய பெயர் இருந்தது. போனில் சொன்ன பெயர் அல்ல. மாடிப்படியில் நான் கூப்பிட்ட பெயர்.

வேறொரு பிள்ளையின் பாஸ்போட்டில் அவளைக் கொண்டுபோயிருக்கிறார்கள். போய்ச் சேர்ந்த பிறகும் அந்தப் பெயரே நிலைத்துவிட்டது. பள்ளிக்கூடம், கலியாணம், பிள்ளைகளின் பதிவு, எல்லாவற்றிலும் அதுதான். அப்பாகூட வெளியில் வாய் தவறிவிடும் என்று புதுப் பெயரையே பழகிக்கொண்டாராம். சொந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டது அவளுடைய அம்மா மட்டும்.

"அம்மா போனாப்பிறகு இந்தப் பேரை நான் ஒரு இடத்திலயும் காணேல்ல" என்றாள். "இது நானே எழுத்து எழுத்தாத் தேடி அடிச்சது."

கசட்டைக் கழற்றி அவளுடைய கையில் வைத்து விரல்களை மடக்கினேன். "கொண்டுபோ. பணிஸையும் சேர்த்துத்தான். பெட்டரி சாகமுதல் கொண்டுபோ." மனதார இரண்டு கையாலும் நான் ஒரு பொருளைக் கொடுத்தது என் வாழ்க்கையில் அதுதான் முதல் தடவை. என் கணவர் பத்திரிகையைக் கீழே இறக்கிவிட்டார்.

அவள் கசட்டைத் திரும்பவும் மெஷினில் செருகி, குருவியையும் பெயரையும் போனில் ஒரு படம் எடுத்தாள். பிறகு மெஷினோடு சேர்த்து என்னிடமே நீட்டினாள்.

"உன்னட்டையே இருக்கட்டும். நீதானே ஒருத்தருக்கும் ஒண்டும் குடாத ஆள். வேற எங்க வச்சாலும் துலைஞ்சிடும்."

வாசல்வரை போய்ச் செருப்பைப் போட்டவள், நின்று திரும்பி என் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டாள்.

"வியாழக்கிழமை போறன். பகல் ரெண்டேகாலுக்கு ஃப்ளைட். பத்து மணிக்கு வீட்டில இருந்து வெளிக்கிடுவன்" என்றாள். "உன்ர அம்மாட்டையும் சொல்லிவிடு."